பிரதி எடுக்க வேண்டாம் என்று எழுதிய பிலிம்

ஒரு மாதத்துக்கு முன் எனக்கு ஒரு கடிதம் வந்தது. பழைய படங்களைப் பாதுகாக்கும் காப்பகம் ஒன்றில் வேலை செய்யும் மிர்யம் என்ற இளம் பெண் சூரிச்சிலிருந்து எழுதியிருந்தாள். ரென்ஸோ என்ற இத்தாலிய ஒளிப்பதிவாளரின் படங்களை இலையுதிர் காலத்தில் ஒரு வாரம் திரையிடப் போகிறார்கள். அவர் காலமான பிறகு வீட்டு நிலவறையில் எடுத்த பெட்டிகளில் ஒன்றில், எந்தப் படத்திலும் சேராத ஒரு பிலிம் துண்டு கிடைத்திருக்கிறது. உறைந்த ஏரியின் மேல் ஒரு சிறுமி நடந்து வருகிறாள். விசாரித்ததில் அது என் மகள் என்று தெரிந்ததாம். திரையிடுவதற்கு மகளின் கையெழுத்து வேண்டும். கையெழுத்துப் போடுமுன் அவள் அதைப் பார்ப்பதுதான் முறை.

கடிதத்தின் அடியில் இன்னொன்றும் இருந்தது. பெட்டியின் மூடியில் ‘பிரதி எடுக்க வேண்டாம்’ என்று ரென்ஸோ தன் கையால் எழுதியிருந்தாராம். அவர்கள் பிரதி எடுத்த பிறகுதான் அதைக் கவனித்தார்களாம். மன்னிக்க வேண்டும் என்று எழுதியிருந்தாள்.

கடிதத்தைச் சமையலறை லாச்சிக்குள் கரண்டிகளுக்கு அடியில் வைத்தேன். மூன்று நாள் யாரிடமும் சொல்லவில்லை.

என் மகள் அபிரா அந்த ஏரிக் கதையை இருபது வருடமாகச் சொல்லி வருகிறாள். பிறந்தநாள் வீடு, பூப்புனித நீராட்டு விழா, எங்கே நாலு பேர் கூடினாலும் சொல்லுவாள். “எனக்குக் கால் விறைச்சுப் போச்சு. ஆனா அம்மா அசையாம நிண்டு என்னையே பாத்துக்கொண்டு நிண்டா. அதால எனக்குப் பயம் வரயில்ல” என்று முடிப்பாள். கேட்கிறவர்கள் என்னைத் திரும்பிப் பார்ப்பார்கள். நான் எதையாவது பரிமாறிக்கொண்டிருப்பேன். அந்த பிலிமைப் பார்த்தால் அவளால் இனி அந்தக் கதையைச் சொல்ல முடியாது. அது எனக்குத் தெரியும்.

இங்கே சுவிஸில் பிறந்து குறும்படம் எடுக்கும் நம் பிள்ளைகள் சிலர், “அன்ரி, நீங்க பேய்ப்படத்தில வேலை செய்தத எழுதித் தாங்கோ” என்று மூன்று வருடமாகக் கேட்கிறார்கள். இந்த மலருக்கு எழுதுவதாக ஒப்புக்கொண்டபோது பேய்களைப் பற்றித்தான் எழுத நினைத்தேன். இப்போது இதை விட்டு வேறெதையும் எழுத வரவில்லை. பொறுத்துக்கொள்ளுங்கள்.

என் வேலை ஃபோகஸ் பிடிப்பது. கமராவின் இடப்பக்கம் நின்று, நடிப்பவர் நெருங்கி வரும்போதும் விலகிப் போகும்போதும் லென்ஸின் வளையத்தைத் திருப்பி, அவர் கண் மங்காமல் பார்த்துக்கொள்ள வேண்டும். கமராவுக்குள் பார்ப்பவர் வேறு ஆள். எங்கள் படங்களில் அது ரென்ஸோ. ஃபோகஸ் பிடிப்பவள் கமராவுக்குள் பார்ப்பதே இல்லை. வெறும் கண்ணால் தூரத்தைக் கணிக்கிறாள். முதலில் அளவுநாடாவைப் பிடித்து அளப்போம். பிறகு தரையில் அடையாளம் வைப்போம். நடிப்பவர் எந்த அடையாளத்தைத் தாண்டுகிறார் என்று பார்த்து வளையத்தைத் திருப்புவோம். இருபது வருடத்துக்கு மேல் இதைத்தான் செய்தேன். போன வருடம் வலது கண்ணில் விழித்திரை கிழிந்து இரண்டு தரம் வெட்டித் தைத்தார்கள். அதோடு வேலை முடிந்தது.

மட்டக்களப்புப் பக்கத்திலிருந்து பதினெட்டு வயதில் வந்து, சூரிச்சுக்குப் பக்கத்தில் ஷ்லீரனில் அண்ணன் குடும்பத்தோடு இருந்தேன். அகதிக்குத் தற்காலிகமாகத் தரும் எஃப் பெர்மிட்டோடு கிடைத்த வேலை துப்புரவுதான். கமராக்கள் வாடகைக்கு விடும் ஒரு நிறுவனத்தில் தரை துடைத்தேன். பிறகு மேசை துடைத்தேன், பிறகு லென்ஸ் துடைத்தேன். ஆறு வருடத்தில் பிலிம் ஏற்றவும் கணக்கெழுதவும் ஒரு நல்ல மனுசி சொல்லித் தந்தாள். அவ்வளவுதான் என் படிப்பு.

ரென்ஸோ அங்கேதான் வந்தார். அறுபது வயதைத் தாண்டிய மெலிந்த மனிதர். கழுத்தில் கம்பளிச் சால்வை, கையில் ஒரு பிளாஸ்டிக் பை. லென்ஸ்களை ஒவ்வொன்றாக யன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, இவற்றைத் துடைத்தது யார் என்று கேட்டார். ஏதோ பிழை பிடிக்கப் போகிறார் என்று நான் பின்னுக்கு நின்றேன். “இந்தக் கையை எனக்குத் தாருங்கள்” என்று முதலாளியிடம் சொன்னார். நிறுவனத்துக்காரர் சிரித்தார்கள். அடுத்த திங்கட்கிழமை நான் அவருடைய வான் வண்டியில் இருந்தேன்.

அவருடைய வாழ்க்கைக் கதையை மலைப்பாதைகளில் வான் ஏறும்போது துண்டு துண்டாகக் கேட்டேன். ரோமில் பதினாறு வயதில் பற்றரி தூக்கத் தொடங்கியவர். ஸ்பெயினில் கௌபோய் படங்கள், யூகோஸ்லாவியாவில் கடற்கொள்ளைக்காரர் படங்கள், பிறகு சூனியக்காரிகள், இரத்தக் காட்டேரிகள், கையுறை போட்ட கொலைகாரர்கள் என்று எடுத்திருக்கிறார். படம் அமெரிக்காவில் எடுத்தது போல இருக்க வேண்டும் என்று தயாரிப்பாளர்கள் அவருக்கு ஆங்கிலப் பெயர் போடுவார்களாம். ஒவ்வொரு தயாரிப்பாளரும் ஒவ்வொரு பெயர். “என் அம்மா தியேட்டருக்குப் போய் என் பெயரைத் தேடிவிட்டு அழுதுகொண்டு வருவா” என்றார். பெரிய படங்களுக்கு அவரை யாரும் கூப்பிடவில்லை. அதைப் பற்றி அவர் குறைபட்டு நான் கேட்டதில்லை. கடைசிக் காலத்தில், சுவிஸில் இத்தாலிய மொழி பேசும் தெசீனில், மனைவியின் ஊரில் இருந்துகொண்டு, ஜெர்மன்காரரும் ஸ்பானியரும் சேர்ந்து போடும் சின்னக் காசில் படம் எடுத்தார். சுவிஸ் மலைகள் ஒரு படத்தில் ருமேனியா ஆகும், இன்னொன்றில் கனடா ஆகும். ஒருமுறை கூர் நகரத்துக்குப் பக்கத்தில் ஒரு மாட்டுத் தொழுவம் திபெத் மடாலயம் ஆனது.

இத்தனை இரத்தம் படம் பிடித்தவருக்கு உண்மை இரத்தம் ஆகாது. மின்சார ஆள் ஒருவனுக்கு மூக்கில் இரத்தம் வந்தபோது இவர்தான் மயங்கி விழுந்தார்.

லென்ஸுக்குப் பின்னால் பெண்கள் போடும் மெல்லிய காலுறையை இழுத்துக் கட்டுவார். விளக்குகள் பனிக்குள் எரிவது போல ஒளி பரவும். அந்தக் காலுறை வாங்குவது என் பொறுப்பு. கடையில் ஒவ்வொன்றாக விரித்து, வெளிச்சத்தில் பிடித்து, இழை எண்ணிப் பார்ப்பேன். விற்கும் பெண் ஒருமுறை, “யாருக்கு, உங்களுக்கா?” என்று கேட்டாள். “ஒரு கிழவனுக்கு” என்று உண்மையைச் சொன்னேன். அதன் பிறகு அந்தக் கடைக்கு நான் போகவில்லை.

இரவுக் காட்சிகளை அவர் இரவில் எடுக்கமாட்டார். அத்தனை விளக்குகளுக்கு எங்களிடம் வசதி இல்லை. உச்சி வெயிலில், சூரியன் நடிப்பவரின் முதுகுப் பக்கம் இருக்கும்படி நிறுத்தி, வானம் தெரியாமல் ஃபிரேம் என்கிற படச்சட்டத்தை வைத்து, லென்ஸுக்கு முன்னால் நீலக் கண்ணாடி போட்டு ஒளியைக் குறைப்பார். திரையில் அது நிலாக்காலம். பனி கிடந்தால் இன்னும் நல்லது, நிலாவில் பளபளக்கும். ஆனால் அந்தக் கண்ணாடி போட்டால் கமராவுக்குள் பார்ப்பவருக்குக் கிட்டத்தட்ட ஒன்றுமே தெரியாது. கண்ணைக் கமராவோடு அப்படியே ஒட்டி வைத்துக்கொள்ள வேண்டும். அதற்கு இன்னொரு காரணமும் உண்டு. கண்ணை எடுத்தால் அந்தத் துவாரத்தால் வெளிச்சம் உள்ளே போய் பிலிமை வெளுக்க வைத்துவிடும். ஷொட் ஓடும்போது கமராவிலிருந்து கண்ணை எடுப்பது எங்கள் தொழிலில் செய்யவே கூடாத காரியம்.

அவர் சத்தம் போட்டு நான் கேட்டதில்லை. தொடங்கும்போது இடது கையைச் சற்று உயர்த்துவார். முடிந்ததும் என் தோளில் இரண்டு விரலால் தொடுவார். அந்தத் தொடுகை வரும்வரை நான் வளையத்தை விடக்கூடாது. தேநீர் கொண்டுவரும் பிள்ளை வரைக்கும் எல்லோரையும் மரியாதையாகத்தான் கூப்பிடுவார். என்னை ‘சின்யோரா’ என்பார்.

முதல் படத்திலேயே நான் ஒரு பெரிய பிழை விட்டேன். வயதான நடிகை ஒருத்தி. மகனின் சவப்பெட்டியைப் பார்த்து அழ வேண்டும். “நான் ஒருமுறைதான் அழுவேன், பிறகு வராது” என்று முதலே சொல்லிவிட்டாள். அழுதபடி ஒரு அடி முன்னுக்குச் சாய்ந்தாள். நான் பிந்திவிட்டேன். கண்ணீர் மங்கிப் போனது. இயக்குநர் எங்களைப் பார்த்தபோது ரென்ஸோ முந்திக்கொண்டார். “என் பிழை. கண்ணாடியில் ஆவி படிந்துவிட்டது.” தொப்பியைக் கழற்றி நடிகையிடமும் மன்னிப்புக் கேட்டார். வானில் திரும்பும்போது முன்னுக்குப் பார்த்தபடி, “சின்யோரா, அழுகிறவர்கள் முன்னுக்குத்தான் சாய்வார்கள்” என்றார். அடுத்த நாள் முதல் போகிற வழியெல்லாம் தூரம் கேட்கத் தொடங்கினார். அந்தப் புகைக்கூடு எத்தனை மீற்றர்? அந்த மாடு? நான் சொல்லுவேன், வானை நிறுத்தி நாடாவைப் பிடித்து அளப்போம். மாடு மட்டும் நின்று தரவில்லை.

இதெல்லாம் சொல்வது ஏனென்றால், ஏரியில் நடந்ததற்கு அவர் காரணம் இல்லை என்பது உங்களுக்குத் தெரிய வேண்டும்.

அது மாசி மாதம். கூருக்கு மேலே மலையில் ஒரு சின்ன ஏரி. தண்ணீரில் மூழ்கிப் போன சிறுமியின் ஆவி, நிலவில் ஏரி மேல் நடந்து வருகிற காட்சி. மிலானோவிலிருந்து வந்த குழந்தை நடிகைக்குக் காய்ச்சல். அபிராவுக்கு அப்போது ஏழு வயது. பள்ளியில் ஸ்போர்ட்ஃபேரியன், இரண்டு கிழமை விடுமுறை. இவர், அதாவது என் கணவர், கூரில் ஹோட்டல் சமையலறையில் வேலை. அது பனிச்சறுக்குக் காலம், லீவு கிடையாது. ஆகவே பிள்ளை என்னோடு வந்திருந்தாள். இடுப்பு வரை கறுத்த முடி. தயாரிப்பு மேலாளர் அவளைப் பார்த்த மாதிரியிலேயே, ஆவியாக நடிக்க அவளைக் கேட்கப் போகிறார் என்று எனக்கு விளங்கிவிட்டது.

ரென்ஸோ வேண்டாம் என்றார். “குளிர்” என்று ஒரு சொல்தான் சொன்னார்.

நான்தான் வற்புறுத்தினேன். ஒரு நாள் வேலை நின்றால் மேலாளர் எல்லோரையும் கடிந்துகொள்வார் என்பது ஒரு காரணம். அபிரா, “அம்மா, நான் செய்யிறன், நான் செய்யிறன்” என்று துள்ளியது இன்னொரு காரணம். உண்மையான காரணம் என்னவென்றால் எனக்குப் பெருமையாக இருந்தது. ஏழெட்டு வருடமாக அந்தக் கூட்டத்தில் நான் ஒருத்திதான் கறுப்பு. என் பிள்ளையின் முடியைத் தொட்டுப் பார்த்து எல்லோரும் அழகென்றார்கள்.

ஏரியின் பனிக்கட்டி தடிப்பு, கிராமத்து ஆள் துளை போட்டுக் காட்டினான். அதில் ஆபத்து இல்லை. நாற்பது மீற்றரிலிருந்து கமராவை நோக்கி நடக்க வேண்டும். பாதை ஓரமாகச் சட்டத்துக்கு வெளியே தடிகள் நட்டேன். முப்பது, இருபத்தைந்து, இருபது என்று நாடா பிடித்து அளந்து நட்டேன். ஃபோகஸ் பிடிப்பவளுக்கு எப்போதும் ஒரு தொல்லை உண்டு. நடிப்பவர்கள் நடுவில் நிற்பார்கள், விலகுவார்கள், நம் கணக்கெல்லாம் பிழைக்கும். இம்முறை நடிப்பது என் சொந்தப் பிள்ளை. நான் சொன்னால் கேட்பாள். அவள் தோளைப் பிடித்துச் சொன்னேன்.

“புள்ள, தடி தெரியுதா? ஒவ்வொரு தடியாத் தாண்டி ஒரே மாதிரி நடந்து வா. என்ன நடந்தாலும் நிக்கக் கூடாது. அந்த மாமா கை காட்டுற வரைக்கும் வந்துகொண்டே இரு.”

“விழுந்தா?”

“எழும்பி வா.”

ஆவிக்குச் சப்பாத்து இருக்கக்கூடாது என்று தோல் நிறத்தில் மெல்லிய துணிச் சப்பாத்து போட்டிருந்தார்கள். முதல் ஷொட்டிலேயே ஓரிடத்தில் வெண்பனிக்கு அடியில் தேங்கியிருந்த தண்ணீரில் வலது காலை வைத்திருக்கிறாள். நிற்கவில்லை. யாரிடமும் சொல்லவும் இல்லை. பிறகு முகில் மறைத்தது. சூரியனுக்காகக் காத்திருந்தோம். உடுப்புக்காரப் பெண் அவளைப் போர்வையால் சுற்றி அங்கேயே வைத்திருந்தாள். போர்வை தோளில்தான், காலில் இல்லை. நான் இந்தப் பக்கம் நின்று வோக்கிடோக்கியில் கேட்டேன்.

“தடி தெரியுதா புள்ள?”

“ஓம் அம்மா.”

குளிருதா என்று நான் கேட்கவில்லை. இதை ஆயிரம் தடவை யோசித்துப் பார்த்துவிட்டேன். கேட்கவே இல்லை.

மூன்றாவது ஷொட். ரென்ஸோ இடது கையை உயர்த்தினார். அபிரா நடந்து வந்தாள். முப்பது. இருபத்தைந்து. மிக நன்றாக நடந்தாள், சற்றே இழுத்து இழுத்து, ஆவி மாதிரியே. என் விரல்கள் அவள் காலோடு சேர்ந்து போயின. பதினெட்டில் அவர் கமராவிலிருந்து கண்ணை எடுத்தார்.

நான் அவரைப் பார்க்கவில்லை. என் பக்கத்தில் காற்று அசைந்தது போல இருந்தது. பிறகு ஒரு முதுகு பனியில் ஓடுகிறது. எழுபதை நெருங்கிய மனிதர், சால்வை ஒரு பக்கம் விழுகிறது. பிள்ளையிடம் போனார், தூக்கினார், திரும்பிக் கரையை நோக்கி, அதாவது என்னை நோக்கி, வந்தார். அப்போதும் என் கை வளையத்தில் இருந்தது. பன்னிரண்டு, பத்து, எட்டு. திருப்பிக்கொண்டே இருந்தேன். தோளில் தொடும் விரல் இன்னும் வரவில்லை. அவர்கள் சட்டத்தைத் தாண்டி என்னைக் கடந்து போன பிறகுதான் கமராவை நிறுத்தினேன். அதன் பிறகுதான் ஓடினேன்.

வான் வண்டியின் தரையில் அவர் இருந்தார். பிள்ளையின் சப்பாத்தைக் கழற்றி, தன் சட்டையைத் தூக்கி, இரண்டு பாதங்களையும் தன் வெறும் வயிற்றில் வைத்து, கோட்டால் மூடிப் பிடித்திருந்தார். குளிரில் அவருக்குப் பல் அடித்தது. அப்படியே அம்புலன்ஸ் வரும்வரை இருந்தார். நான் உள்ளே ஏறப் போனேன். “கதவைச் சாத்துங்கள், சின்யோரா” என்றார், அதே மெல்லிய குரலில்.

கூர் வைத்தியசாலையிலிருந்து என் கணவருக்குத் தொலைபேசி எடுத்தேன். “நீ எங்க நிண்ட?” என்று கேட்டார்.

“கமராவுக்குப் பக்கத்தில.”

அதன் பிறகு இன்றுவரை அதைப் பற்றி அவர் கேட்கவில்லை. அபிராவின் வலது காலில் சின்ன விரலின் நுனி போய்விட்டது. மற்ற விரல்கள் தப்பின.

ரென்ஸோ அந்த ஏரியில் மறுபடி கமரா வைக்க மறுத்தார். காட்சியை எழுதி மாற்றினார்கள். நான் அவரோடு இன்னும் இரண்டு படம் வேலை செய்தேன். அவர் ஓய்வெடுத்த பிறகு மற்றவர்களோடு செய்தேன். மூன்றாவது ஷொட் எங்கே என்று நான் ஒருநாளும் கேட்கவில்லை. அவரும் சொல்லவில்லை. ஆய்வுகூடத்துக்கு அனுப்பிக் கழுவுவித்து, பிரதி எடுக்காமல், தன் நிலவறையில் வைத்திருந்தார் என்று இப்போதுதான் தெரிகிறது. எரித்திருக்கலாம். ஏன் எரிக்கவில்லை என்று சொல்ல அவர் இல்லை.

நான்காம் நாள் கடிதத்தை லாச்சியிலிருந்து எடுத்து அபிராவிடம் கொடுத்தேன். அவள் இப்போது பிள்ளைகள் வார்ட்டில் தாதி. அடுத்த கிழமையே லீவு எடுத்தாள். சூரிச் போகும் ரயிலில் அவளுக்கு ஒரே குதூகலம்.

“அம்மா, நான் ஸ்டார் ஆகப் போறன். ஓட்டோகிராஃப் வேணுமெண்டா இப்பவே வாங்குங்க, பிறகு கியூவில நிக்கவேணும்.”

எனக்குச் சிரிப்பு வரவில்லை. ரயிலிலேயே சொல்லிவிடலாம் என்று மூன்று தரம் வாயெடுத்தேன். டிக்கெட் பரிசோதகர் வந்தார், தேநீர் வண்டி வந்தது. உண்மையில் அவை வராவிட்டாலும் சொல்லியிருக்க மாட்டேன்.

மிர்யம் எங்களை ஒரு சின்ன அறையில் இருத்தினாள். நீல நிலவில் ஏரி. தூரத்தில் ஒரு வெள்ளைப் புள்ளி.

“ஐயோ, எவ்வளவு சின்னப் பிள்ள!” என்று அபிரா என் கையைப் பிடித்தாள்.

புள்ளி நெருங்கியது. முகம் தெரிந்தது. அந்த முகத்தை நான் முதல் தடவையாக அப்போதுதான் பார்த்தேன். வாயை இறுக மூடிக்கொண்டு, சத்தமில்லாமல், முகம் முழுக்க நனைந்து அழுதபடி பிள்ளை நடந்து வருகிறாள். கண் இமையில் உறைந்த நீர்கூடத் தெளிவாக இருந்தது. ஒரு மயிரிழை மங்கவில்லை.

திடீரென்று படம் பால் ஊற்றியது போல வெளிறியது.

“இது என்ன?” என்று கேட்டாள்.

“அதிலதான் அவர் கண்ண எடுத்தவர். வெளிச்சம் உள்ளுக்குப் போயிரிக்கு.”

வெளிறிய படத்துக்குள் ரென்ஸோவின் முதுகு ஓடியது. தூக்கினார். திரும்பினார். அவர் கைகளுக்குள் பிள்ளையின் முகம் கமராவைப் பார்த்தபடி பெரிதாகி, பெரிதாகி வந்தது. கடைசிவரை தெளிவு.

அபிரா என் கையை விட்டாள். “அவர் அங்க நிக்கிறார். அப்ப இங்க யாரு?”

“நான்.”

மறுபடி போடச் சொன்னாள். மூன்று தரம் பார்த்தாள். எவ்வளவு நேரம் என்று மிர்யத்திடம் கேட்டாள். வெளிறியதிலிருந்து முடிவு வரை பதினான்கு வினாடி என்று மிர்யம் தாழ்ந்த குரலில் சொன்னாள். கையெழுத்துப் போட வேண்டிய பத்திரத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, தபாலில் அனுப்புகிறேன் என்று அபிரா எழுந்தாள்.

திரும்பி வரும் ரயில் ஸார்கான்ஸ் நிலையத்தைத் தாண்டியதும் அவள் என் பக்கம் திரும்பினாள்.

“அம்மா, பொய் சொல்லாம சொல்லுங்க. அண்டைக்கு என்னைப் பாத்தீங்களா?”

“இல்ல புள்ள. நீ எந்தத் தடியில வாறாய் எண்டு பாத்தன். முகத்தப் பாக்கயில்ல.”

“தூக்கிக்கொண்டு வரக்கயும்?”

“வரக்கயும்.”

“நான் இருவது வருசமாச் சனத்துக்கு வேற கதையெல்லோ சொல்லிக்கொண்டு திரியிறன்.”

“தெரியும்.”

“நீங்களும் பக்கத்தில நிண்டு கேட்டீங்க.”

“ஓம்.”

“வடையும் குடுத்தீங்க.”

எனக்கு அழுகை வந்துவிட்டது. அவள் தேற்றவில்லை. பையிலிருந்து கடதாசிக் கைக்குட்டையை எடுத்து மேசையில் வைத்தாள். பிறகு யன்னலைப் பார்த்தபடி சொன்னாள்.

“நானும் பிள்ளையளுக்கு ஊசி ஏத்தக்க முகத்தப் பாக்கமாட்டன். நரம்பத்தான் பாப்பன். முகத்தப் பாத்தாக் கை போயிரும். அத நான் பிழை எண்டு சொல்லமாட்டன்.”

நான் நிமிர்ந்தேன்.

“ஆனா எங்கட வார்ட்டில ரெண்டு பேர் நிக்கவேணும். ஒராள் நரம்பப் பாக்க, மற்றாள் பிள்ளைட முகத்தப் பாக்க. முகத்தப் பாக்கிற ஆள் நிப்பாட்டு எண்டா, அந்த நிமிசமே கைய எடுக்கவேணும். ஏன் எண்டு கேக்கப்படாது. அவர் நிப்பாட்டினவர். நீங்க நிப்பாட்டல்ல. அந்தப் பதினாலு செக்கண்டுதான் அம்மா உங்கட பிழை. மற்றது இல்ல.”

இத்தனை வருடம் என்னை நானே குற்றம் சாட்டிய எந்தத் தடவையும் அதை இவ்வளவு சரியாக நான் அளந்ததில்லை.

“கோவமா?” என்று கேட்டேன்.

“ஓம். சரியான கோவம்.” பத்திரத்தை எடுத்து விரித்தாள். பேனாவைத் தேடினாள். “காட்டட்டும். அந்த மனுசன் ஓடினத நாலு சனம் பாக்கவேணும். அவர்ட சொந்தப் பேரையே போடச் சொல்லுறன்.” கையெழுத்துப் போட்டாள். கூரில் இறங்கியதும் தன் பஸ்ஸுக்குப் போய்விட்டாள்.

அதற்குப் பிறகு இரண்டு கிழமை அவளிடமிருந்து ஒரு செய்தியும் இல்லை. ஒவ்வொரு நாளும் தொலைபேசியை எடுத்து எடுத்து வைத்தேன். இவர் பார்த்துவிட்டு, “விடு, அவள் உன்ட பிள்ளதானே, வருவாள்” என்றார். போன சனிக்கிழமை அவளே எடுத்தாள்.

“அம்மா, எனக்குக் கோவம் இன்னும் முடியல்ல. நாளைக்குச் சாப்பிட வாறன். ஆனா கதைக்கமாட்டன்.”

“கதைக்காம எப்பிடிச் சாப்பிடுவாய்?”

“வாயாலதான்.”

ஞாயிற்றுக்கிழமை வந்தாள். சொன்னபடி கதைக்கவில்லை. தகப்பனோடு மட்டும் இரண்டு சொல் பேசினாள். மீன் குழம்பும் முருங்கையிலைச் சுண்டலும் வைத்திருந்தேன். குனிந்தபடி சாப்பிட்டாள். முடிந்ததும் தட்டை என் பக்கம் நீட்டினாள். நான் அகப்பையை எடுத்தேன். அவள் முகம் கொஞ்சம் மெலிந்திருந்தது. கண்ணுக்குக் கீழே கறுப்பு, நித்திரை இல்லை போல. கோபம் இன்னும் இருந்தது, ஆனால் வாயின் ஓரத்தில் சிரிப்பை அடக்குகிற மாதிரியும் இருந்தது. அதையே பார்த்துக்கொண்டு ஊற்றினேன். குழம்பு தட்டில் விழவில்லை. மேசை விரிப்பில் வழிந்து அவள் மடி வரை போனது.

“அம்மா,” என்றாள், “தட்டப் பாருங்க.”